முறை என்ற சொல்

'குடும்பக் கதை' என்பது நம் சிறுபத்திரிகை வட்டாரத்தில் ஒரு வசைச்சொல்லாகவே வழங்கி வந்திருக்கிறது. வாரப் பத்திரிகைத் தொடர்கதைகளில் மாமியாரும் நாத்தனாரும் கண்ணீருமாகப் பெருகி ஓடியதைப் பார்த்து வந்த எரிச்சல் அது, நியாயமான எரிச்சல்தான். ஆனால் அந்த எரிச்சலில் இரண்டு வேறு விஷயங்களை ஒரே மூட்டையாகக் கட்டித் தூக்கி எறிந்துவிட்டோம் என்று எனக்குத் தோன்றுகிறது. ஒன்று பாசம். மற்றது முறை. பாசம் ஓர் உணர்ச்சி. அதை மிகைப்படுத்தலாம், விற்கலாம், அதைக் காட்டி அழவைக்கலாம். முறை உணர்ச்சி அல்ல. ஒருவன் இன்னொருவனை என்ன சொல்லிக் கூப்பிடலாம், எந்த வீட்டில் பெண் எடுக்கலாம், யார் சாவுக்கு யாருக்குத் தீட்டு என்பதையெல்லாம் அவன் பிறப்பதற்கு முன்னரே தீர்மானித்து வைத்திருக்கும் இலக்கணம் அது. தமிழில் அந்தச் சொல்லுக்குள்ள அர்த்தங்களைப் பாருங்கள்: ஒழுங்கு, நியாயம், தடவை, கட்டிக்கொள்ளும் உரிமை. 'முறைப்பெண்' என்னும்போது இவை எல்லாமே உள்ளே இருக்கின்றன. 'முறைகெட்டவன்' என்னும்போதும்தான்.

வங்கியில் வாரிசு நியமனப் படிவத்தில் உறவுக்கு ஒரு கட்டம் உண்டு. இங்கிலீஷில் பூர்த்தி செய்தால் பெரியப்பா மகனும் மாமன் மகனும் 'கசின்' என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கிவிடுகிறார்கள். ஒருத்திக்கு முன்னவன் அண்ணன். பின்னவன் புருஷனாக வரக்கூடியவன். படிவத்துக்கு இந்த வித்தியாசம் தேவையில்லை. நம் நாவல்களை இங்கிலீஷுக்குக் கொண்டுபோகிறவர்கள் பலருக்கும் தேவைப்படவில்லை என்பதுதான் சங்கடம்.

நம் அமைப்பின் எலும்புக்கூடு எளிமையானது. அப்பாவின் சகோதரர்கள் எல்லாரும் அப்பாக்கள். பெரியவர், சிறியவர் என்ற பேதந்தான். அம்மாவின் சகோதரிகள் எல்லாரும் அம்மாக்கள். இவர்களுடைய பிள்ளைகள் நமக்கு உடன்பிறப்புகள். அத்தையும் தாய்மாமனும் மறுகரை. பங்காளி, மாமன்-மச்சான் என்று ஊரார் பிரித்துச் சொல்வது இந்த இரண்டு கரைகளைத்தான். எங்கள் தர்மபுரிப் பக்கம் தமிழோடு தெலுங்கும் கன்னடமும் வீட்டுமொழிகளாக இருக்கின்றன. வீட்டுக்கு வீடு சொற்கள் மாறுகின்றன, கரைகள் மாறுவதில்லை. லூயிஸ் மார்கன் என்ற அமெரிக்கர் 1871இல் வெளியிட்ட பெருநூலில் தமிழ் உறவுச்சொற்களையும் செனெக்கா இந்தியர்களின் உறவுச்சொற்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துத் திகைத்தார். செவ்விந்தியர்கள் ஆசியாவிலிருந்து போனவர்கள் என்பதற்கு இதையே சாட்சியாகக் கொண்டார். அது அவசர முடிவு. சொற்கள் ஓரளவுக்கு ஒத்துப்போனாலும் அவர்களிடம் மாமன் மகளைக் கட்டுகிற விதி கிடையாது. விஷயத்தின் மையத்தைத் தொட்டவர் பிரமலைக் கள்ளர்களிடையே ஆய்வு செய்த பிரெஞ்சுக்காரர் லூயி டூமோன். மாமனை அம்மாவின் சகோதரன் என்று மட்டும் பார்ப்பது ஐரோப்பியக் கண். முதலில் அவன் அப்பாவின் மைத்துனன், கல்யாணத்தால் வந்த உறவு, அந்த உறவு அடுத்த தலைமுறைக்குச் சொத்துப்போல் இறங்குகிறது என்று 1953இல் எழுதினார். நம் கிழவிகள் இதை அவருக்கு முன்னாலேயே அறிவார்கள். 1955ஆம் வருஷத்து இந்து திருமணச் சட்டமோ மாமன்-மருமகள், அத்தை பிள்ளை-மாமன் பிள்ளை எல்லாவற்றையும் விலக்கப்பட்ட உறவாகப் பட்டியலிட்டுவிட்டு, வழக்கம் அனுமதித்தால் சரி என்று ஒரு விதிவிலக்கைச் சேர்த்திருக்கிறது. தெற்கே நடந்த எத்தனையோ கல்யாணங்கள் அந்த விதிவிலக்கின் நிழலில் நிற்கின்றன.

இலக்கியத்துக்கு இதனால் என்ன? எமிலி பிராண்டியின் 'உதரிங் ஹைட்ஸ்' (1847) நாவலை நம் கணக்கைப் போட்டு ஒருமுறை படித்துப் பாருங்கள். இரண்டாம் தலைமுறைக் காதரின் முதலில் கட்டிக்கொள்வது லிண்டனை. அவன் அவளுடைய அப்பாவின் தங்கை மகன், அதாவது அத்தை மகன். அவன் செத்த பிறகு அவள் மனம் போவது ஹேர்ட்டனிடம். அவன் அம்மாவின் அண்ணன் மகன், மாமன் மகன். இரண்டுமே அப்பழுக்கில்லாத முறை! எமிலிக்கு நம் கணக்குத் தெரியாது. அவளுக்கு இருவரும் வெறும் கசின்கள். ஆனால் நாவலின் ஆழத்தில் ஏதோ ஓர் ஒழுங்கு தன்னைத் திருத்திக்கொள்கிறது என்று இங்கிலீஷ் வாசகன் மங்கலாக உணர்வதை நம்மால் பெயர் சொல்லிக் காட்ட முடிகிறது. அந்த ஒழுங்கைக் குலைத்தவன் யார்? லிவர்பூல் தெருவில் கிடந்து எடுத்துவரப்பட்ட ஹீத்கிளிஃப். செத்துப்போன ஒரு பிள்ளையின் பெயரை அவனுக்கு வைக்கிறார்கள். சொந்தப் பெயரும் குடும்பப் பெயரும் அவனுக்கு அது ஒன்றே. கூடவே வளர்ந்த காதரினுக்கு அவன் அண்ணனும் அல்ல, முறைமாப்பிள்ளையும் அல்ல. அவனைக் கூப்பிட உறவுச்சொல் இல்லை. நாவலின் உக்கிரம் அத்தனையும் அந்த இல்லாமையிலிருந்து வருகிறது.

உறவுச்சொல் இல்லாத மனிதர்கள் நம் ஊர்களிலும் இருக்கிறார்கள். சாதிக்குள் ரத்தத்தொடர்பு இல்லாதவர்களும் ஒருவரையொருவர் பெரியப்பா, மாமா, மாப்பிள்ளை என்று கூப்பிட்டுக்கொள்வார்கள். ஏறக்குறைய சமமான சாதிகளுக்கு இடையிலும் இது கொஞ்சம் நடக்கும். காலனி எல்லை வந்ததும் சொல் நின்றுவிடும். அங்கே வயது எதுவானாலும் பெயர், அதற்குப் பின்னால் ஒரு 'டா'. மறுபக்கத்திலிருந்து வருவது 'சாமி'. பஸ்ஸும் பள்ளிக்கூடமும் வந்தபிறகு 'அண்ணா' என்ற சொல் பொதுச்சொத்தாகிவிட்டது. நடத்துநரும் அண்ணா, டீக்கடைக்காரரும் அண்ணா. கவனித்துப் பாருங்கள், எல்லை தாண்டிச் சுலபமாகப் போனது பங்காளிக் கரையைச் சேர்ந்த சொல். பெண் கொடுக்க வேண்டிய அவசியம் இல்லாத சொல். கல்லூரிப் பையன்கள் மட்டும் சாதி பார்க்காமல் 'மச்சான்' என்று கூப்பிட்டுக்கொள்கிறார்கள். விளையாட்டு என்று இரு தரப்புக்கும் தெரிந்திருக்கும்வரை ஆபத்தில்லை.

2012இல் இங்கே அது விளையாட்டாக இல்லாமல் போயிற்று. பெண் வன்னியர், இளைஞன் தலித். கல்யாணம் செய்துகொண்டார்கள். பெண்ணின் தகப்பனார் தற்கொலை செய்துகொண்டார். அதே நவம்பர் 7ஆம் தேதி நாயக்கன்கொட்டாய் அருகே நத்தம் காலனி, அண்ணா நகர், கொண்டம்பட்டி என்ற மூன்று தலித் குடியிருப்புகளில் 200க்கும் மேற்பட்ட வீடுகள் எரிக்கப்பட்டன, சூறையாடப்பட்டன. 2013 ஜூலை 4 அன்று அந்த இளைஞனின் உடல் ரயில் பாதையோரம் கிடந்தது. கல்யாணம் இரண்டு பேரோடு நிற்பதில்லை. ஒருவன் மாப்பிள்ளையானால் அவன் தெருவே சம்பந்தி வகையாகிறது. ஊர் பொறுக்காதது காதலை அல்ல, இந்தச் சொல்மாற்றத்தை என்று நினைக்கிறேன். எரித்தவர்கள் ஒரு வீட்டோடு நிற்காமல் தெருத்தெருவாகப் போனதற்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை.

இமையத்தின் 'பெத்தவன்' இந்தத் தீவைப்புக்குச் சில வாரங்கள் முன்பே, 2012இல், வெளிவந்தது. தீர்க்கதரிசனம் என்று பலர் வியந்தார்கள். அந்த வியப்பில் எனக்கு அக்கறை இல்லை. ஓர் எழுத்தாளன் முறையின் இலக்கணத்தைச் சரியாகக் கேட்டிருந்தால் வாக்கியம் எங்கே போய் முடியும் என்பது அவனுக்குத் தெரிந்துவிடும், அவ்வளவே. தலைப்பைப் பாருங்கள். 'அப்பா' அல்ல, 'பெத்தவன்'. அப்பா என்று கூப்பிடலாம். பெத்தவனே என்று எந்த மகளும் கூப்பிடுவதில்லை. அது ஊர் ஒருவனுக்கு இடும் பெயர், பெரும்பாலும் கணக்குக் கேட்கும்போது இடும் பெயர். மகளைக் கொன்றுவிடுவதாக ஊருக்கு வாக்குக் கொடுத்த பழனி, இரவில் அவளை அனுப்பிவிட்டுத் தான் செத்துப்போகிறான். இதைப் பாசக்கதை என்று படித்தவர்கள் பாதியைத்தான் படித்திருக்கிறார்கள். பாக்கியத்துக்கு அவன் அப்பா, ஊருக்குப் பெத்தவன். இரண்டு சொற்களும் ஓர் உடம்பில் சேர்ந்திருக்க முடியாமல் போவதுதான் கதை. இமையம் இதை விளக்குவதில்லை. ஊர்க்கூட்டத்தின் பேச்சை நீளநீளமாக ஓடவிடுகிறார், அது போதுமானதாக இருக்கிறது.

பெருமாள்முருகனின் 'பூக்குழி' (2013) அந்த இளைஞனுக்குக் காணிக்கையாக்கப்பட்ட நாவல். சோடாக்கடையில் வேலை செய்யும் குமரேசன், சரோஜாவைக் கட்டிக்கொண்டு தன் ஊருக்கு அழைத்துவருகிறான். இரண்டு சாதிகளுக்கும் நாவலில் பெயர் இல்லை. பெயர் சொல்லாதது கோழைத்தனம் என்ற குற்றச்சாட்டை நான் ஏற்கவில்லை. ஊர் கேட்டுக்கொண்டே இருக்கிறது, நாவல் பதில் சொல்ல மறுக்கிறது. அந்த மறுப்பால்தான் இறுக்கம் ஏறுகிறது. மாராயியின் வசவும் ஒப்பாரியும் கலந்த பேச்சு நம் உரைநடையின் சாதனைகளில் ஒன்று. மருமகள் என்ற ஒரு சொல்லை வாயில் வரவிடாமல் இருப்பதற்காகவே அவள் அத்தனை சொற்களைக் கொட்டுகிறாள். நாவல் தளர்வது சரோஜாவின் தனிமைப் பகுதிகளில். அங்கே பெருமாள்முருகன் அவளுக்காக இரக்கப்படத் தொடங்கிவிடுகிறார். இரக்கம் வந்ததும் இலக்கணம் பின்னுக்குப் போய்விடுகிறது.

கொங்குப் பக்கத்தில் இதற்கொரு முன்னோடி உண்டு. ஆர். சண்முகசுந்தரத்தின் 'நாகம்மாள்' (1942). விதவை நாகம்மாள் கொழுந்தனிடம் நிலத்தில் பங்கு கேட்கிறாள், கொலையில் முடிகிறது. பங்காளி என்ற சொல்லுக்குள்ளேயே பங்கு இருக்கிறது என்பதை இவ்வளவு சிக்கனமாக வேறு யாரும் எழுதிவிடவில்லை. வட்டார நாவல் என்று முத்திரை குத்தி ஒதுக்கியதில் நமக்குத்தான் நஷ்டம்.

கவிதைக்கு வருகிறேன், இதைப் படிக்கிறவர்களில் பாதிப்பேர் கவிஞர்கள். புதுக்கவிதையின் 'நான்' உறவினர் இல்லாதவன். அம்மா வருவாள், பாட்டி வருவாள், அப்பாவின் நாற்காலி வரும். அவை ஞாபகங்கள், அவற்றோடு கொடுக்கல் வாங்கல் இல்லை. மச்சான், கொழுந்தி, சம்பந்தி, பங்காளி என்ற சொற்களை எத்தனை நல்ல கவிதைகளில் பார்த்திருக்கிறோம்? அவை கொச்சை என்று ஒதுங்கியவர்கள், அந்நியமாதல் என்ற சொல்லை மட்டும் ஐரோப்பாவிலிருந்து இறக்குமதி செய்துகொண்டோம். யாரிடமிருந்து அந்நியமாகிறோம் என்று சொல்ல உறவுச்சொல் வேண்டாமா?

குறுந்தொகையின் 40ஆம் பாட்டைக் கல்யாணப் பத்திரிகையில் அச்சிடுகிற வழக்கம் இருக்கிறது. எந்த உறவும் இல்லாத இருவர் கூடியதைச் சொல்லும் பாட்டு அது. அதன் கீழே தாத்தா பாட்டி பெயர், தாய்மாமன் பெயர், பெரியப்பா சித்தப்பா பெயர், பங்காளிகள், மாமன் மச்சான்கள், கடைசியில் 'மற்றும் உற்றார் உறவினர்கள்' என்று தடித்த எழுத்தில் ஒரு வரி.