பழுவேட்டரையரின் மார்புக் கவசம்

அரியலூரிலிருந்து ஏலாக்குறிச்சித் திருத்தலத்திற்குச் செல்லும் நம்மவர் பலரும் கீழப்பழுவூரைக் கடந்திருப்பர். சோழர்க்குப் பெண் கொடுத்தும் படை கொடுத்தும் வாழ்ந்த பழுவேட்டரையரின் ஊர் இப்பகுதியே. அம்மரபினரைக் கல்கி தம் 'பொன்னியின் செல்வன்' (1950–1954) புதினத்தில் நிலைநிறுத்தினார். மணிரத்னம் 2022, 2023 ஆகிய ஆண்டுகளில் இரு பாகங்களாக அதைத் திரைக்குக் கொணர்ந்தார். ஈண்டு நாம் காண விழைவது அப்படத்திற்கு ஏகா லக்கானி செய்த ஆடை வடிவமைப்பை. 70ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் முதற்பாகம் நான்கு விருதுகளைப் பெற்றது. ஆடை வடிவமைப்பு அவற்றுள் ஒன்றன்று.

ஐந்து பாகப் புதினத்தை இரண்டு படங்களில் அடக்குங்கால், கதைமாந்தரை அடையாளம் காட்டும் சுமையில் பாதியை ஆடையே தாங்க வேண்டியுள்ளது. ஆதித்த கரிகாலனுக்குச் சிவப்பும் கருமையும் தந்தமையால், அவன் வாய் திறக்குமுன்னரே உள்ளத்து அனல் நமக்குத் தெரிந்துவிடுகிறது. படகோட்டும் பூங்குழலிக்கோ மார்பில் கட்டிய கச்சையும் இடையில் சுற்றிய துணியுமே. கடற்காற்றில் துடுப்பு வலிப்பவள் எதை உடுத்துவாளோ அதை உடுத்தியிருக்கிறாள். படத்தின் தலைசிறந்த ஆடை இதுவே என்பேன். நந்தினியின் நகைகளுக்கு முன் இது பலர் கண்ணில் படாமற் போயிருக்கலாம்.

பெரிய பழுவேட்டரையரிடம் வரும்போதுதான் நம்மால் உடன்பட இயலவில்லை. அறுபத்து நான்கு விழுப்புண்களை உடலில் தாங்கியவர் என்பதே கல்கி அவருக்குச் சூட்டும் பெருமை. முதுமையில் இளம்பெண்ணை மணந்து ஊரார் நகைப்புக்கு ஆளானவர் அவர். அந்நகைப்புக்கு அவரிடமுள்ள மறுமொழி அத்தழும்புகளே. சரத்குமார் ஏற்ற அப்பாத்திரமோ பெரும்பாலான காட்சிகளில் கவசமும் கனத்த உடையுமாகவே வருகிறது. தழும்புகள் மறைந்ததும், அம்முதியவர் அதிகாரம் மிகுந்த மற்றோர் அரசவையினராகக் குறைந்துவிடுகிறார்.

மேலப்பழுவூரை அடுத்த கீழையூரில் பழுவேட்டரையர் காலத்து இரட்டைக்கோயில் இன்றும் நிற்கிறது. அதன் வாயிற்காவலர் சிற்பங்களில் இடையாடையும் அணிகலனும் முப்புரிநூலும் உண்டு. மார்பை மூடும் துணி இல்லை. கோயிற் சிலைகளைக் கொண்டு மனிதர் உடையை முடிவு செய்யலாகாது என்பர் சிலர். நியாயமே. எனினும் தஞ்சைப் பெரிய கோயிலின் சோழர் கால ஓவியத்தில், இராசராசன் எனக் கருதப்படும் உருவமும் திறந்த மார்புடனே நிற்கிறது.

இது பழைய நோய். நாடகக் கம்பெனி மன்னர்கள் சரிகையிலும் வெல்வெட்டிலும் மேடையேறிய நாள் முதல், மேலாடையற்ற அரசன் நம் கண்ணுக்கு ஏழையாகவே தோன்றுகிறான். அப்பகட்டைப் பெரிதும் குறைத்த ஏகா லக்கானி, கவசத்தின்மேல் கைவைக்கத் துணியவில்லை. போர்க்களத்தில் அது இருந்துவிட்டுப் போகட்டும். அரசவையிலேனும் அதைக் களைந்திருந்தால், அவரை எள்ளுவோர் அத்தழும்புகளைப் பார்த்துக்கொண்டே எள்ள வேண்டியிருந்திருக்கும்.