இரண்டு வரிசைக்கு நடுவே: சந்துவின் நூலை வகுப்பறையில் படிப்பது எப்படி?



"நம்ம ஆளுங்க இந்த நாட்டுக்கு எத்தனை பேர் சார் வந்தாங்க?" என்று மாணவர் கேட்டால், நாம் சொல்லும் எண் பெரும்பாலும் ஒரே நூலிலிருந்து வந்ததாக இருக்கும். புவியியல் அறிஞர் கெர்னியல் சிங் சந்து எழுதி, 1969இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக அச்சகம் வெளியிட்ட 'இந்தியன்ஸ் இன் மலாயா' என்ற ஆங்கில நூல்தான் அது. மக்கள்தொகை வரலாற்றில் இன்றும் அதைத் தாண்டிப் போக முடியாது. ஆனால், அதிலுள்ள எண்களை அப்படியே எடுத்து ஒப்பிப்பதில் ஒரு சிக்கல் இருக்கிறது.

முதலில் நிறைகள். பினாங்கில் பிரிட்டிஷார் குடியேறிய 1786இல் தொடங்கி, 1957 வரை நூல் நீள்கிறது. சஞ்சிக்கூலி முறை, கங்காணி முறை, சொந்தச் செலவில் வந்த வணிகர்கள், எழுத்தர்கள் என எல்லாரையும் பிரித்துக் காட்டுகிறார். தமிழர் என்றாலே பால்மரம் என்ற எண்ணம் நம் மாணவர்களிடம் ஊறிக் கிடக்கிறது. ரப்பருக்கு முன்பே கரும்பும் காப்பியும் இருந்தன. சாலையும் ரயில் பாதையும் இருந்தன. அவ்வெண்ணத்தைத் திருத்த இந்த நூல் நன்றாக உதவும்.

இனி, அதிகம் மேற்கோள் காட்டப்படும் கணக்குக்கு வருவோம். அந்த 171 ஆண்டுகளில் மலாயாவுக்குள் நுழைந்த இந்தியர் 40 லட்சத்துக்கும் மேல். திரும்பிப் போனவர்கள் 30 லட்சத்தை ஒட்டி. மிச்சம் சுமார் 12 லட்சம். ஆனால் 1957இல் சிங்கப்பூரையும் சேர்த்து இங்கே இருந்தவர்கள் சுமார் 8.6 லட்சம்தான், அவர்களிலும் 62 விழுக்காட்டினர் இங்கேயே பிறந்தவர்கள். அப்படியென்றால் வந்து தங்கியவர்கள் எங்கே போனார்கள்? நோய், பாம்புக்கடி, களைப்பு, சத்தில்லாத சாப்பாடு ஆகியவற்றைச் சந்து காரணமாகச் சொல்கிறார்.

நெஞ்சை அடைக்கும் கணக்குதான். மேடையில் சொன்னால் கைதட்டல் கிடைக்கும். ஆனால் வகுப்பில் கொஞ்சம் நிதானம் வேண்டும். 171 ஆண்டு என்பது ஏழு தலைமுறை. வந்து, உழைத்து, பேரன் பேத்தி பார்த்து, முதுமையில் கண்மூடியவர்களும் அந்தக் கழித்தலுக்குள்தான் இருக்கிறார்கள். ஆரம்பக் கால வரவு செலவில் மதிப்பீடும் கலந்திருக்கிறது. ஆகவே, விடுபட்ட எல்லாரும் தோட்டத்துக் கொடுமையால் மாண்டார்கள் என்று சொன்னால், அது கணக்கு தாங்காத முடிவு. தோட்டங்களில் மலேரியாவும் வயிற்றுக்கடுப்பும் கொத்துக் கொத்தாக ஆட்களைக் கொண்டுபோனது உண்மை. அந்த உண்மையைச் சொல்ல மிகைப்படுத்தத் தேவையில்லை.

நூலின் உண்மையான குறை இதுதான்: சந்து பெரும்பாலும் வாசலில் நின்று எண்ணுகிறார். துறைமுகத்தில் இறங்கியவர், ஏறியவர் என்ற கணக்கு அவருக்கு வலுவாகக் கிடைக்கிறது. வீட்டுக்குள் நடந்தது அந்த அளவுக்குக் கிடைக்கவில்லை. சிங்கப்பூர் மக்கள்தொகை பற்றி சா சுவீ ஹொக் எழுதி 1999இல் முதற்பதிப்பு கண்ட நூலை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பிறப்பு, இறப்பு, திருமணம், கருவளம் எல்லாவற்றையும் அவர் தனித்தனியே ஆராய்கிறார். மக்கள்தொகை ஏன் கூடியது, ஏன் குறைந்தது என்று அவரால் காரணம் பிரிக்க முடிகிறது.

வாசல் கணக்கு எங்கே தடுமாறும் என்பதற்கு 1931க்கும் 1947க்கும் இடைப்பட்ட காலமே நல்ல சான்று. போர் வந்ததால் 1941இல் எடுக்க வேண்டிய கணக்கெடுப்பு நடக்கவில்லை. 1931இல் மலாயாவிலும் சிங்கப்பூரிலும் இந்தியர் சுமார் 6.2 லட்சம், 1947இல் சுமார் 6 லட்சம். இந்த இரண்டு வரிசையை மட்டும் பார்க்கிறவருக்கு, பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை போலத் தோன்றும். ஆனால் நடந்தது என்ன? 1930களின் தொடக்கத்தில் பொருளாதார மந்தம் வந்து பல்லாயிரம் தொழிலாளரை ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள். 1938இல் இந்திய அரசாங்கம் தொழிலாளர் வருகைக்குத் தடை போட்டது. பிறகு ஜப்பானியர் ஆட்சி, பஞ்சம், சயாம் மரண ரயில். அங்கே இறந்த தமிழர் எத்தனை பேர் என்பதில் ஆய்வாளரிடையே இன்றும் உடன்பாடில்லை. இத்தனை இழப்பையும் அதே காலத்தில் பிறந்த குழந்தைகள் எண்ணிக்கையில் ஈடுகட்டி மறைத்துவிட்டார்கள்.

ஆண், பெண் விகிதத்தையும் இப்படித்தான் கவனமாகப் படிக்க வேண்டும். ஆயிரம் ஆண்களுக்குப் பெண்கள் 1931இல் 500-க்கும் குறைவு; 1947இல் 600-ஐத் தாண்டியது. குடும்பங்கள் வேரூன்றியதன் அடையாளம் என்று இதைச் சொல்வது சரியே. ஆனால் ஆண்கள் குறைந்தாலும் இந்த விகிதம் உயரும். இரண்டும் சேர்ந்தே நடந்தன.

வரலாறு, தமிழ்மொழி ஆசிரியர்கள் இதை எளிய நடவடிக்கையாக மாற்றலாம். 1931, 1947 எண்களைப் பலகையில் எழுதி, நடுவில் இடம் விடுங்கள். "இந்த இடத்துல என்னென்ன நடந்திருக்கும்?" என்று குழுவாகப் பேச விடுங்கள். பிறகு வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டுவரச் சொல்லுங்கள். அந்த நாள்களை நேரில் கண்டு நினைவில் வைத்திருப்பவர்களுக்கு இன்று எண்பது வயதுக்கும் மேல். இந்த வேலையை அடுத்த ஆண்டுக்குத் தள்ளிவைக்க முடியாது.

சந்துவின் நூல் உங்கள் பள்ளி நூலகத்தில் இல்லையென்றால், பல்கலைக்கழக நூலகங்களில் தேடிப் படியுங்கள். அட்டவணைகளை மட்டும் படியெடுத்துக்கொண்டு போய்விடாமல், அவற்றுக்கு அவர் தரும் விளக்கத்தையும் சேர்த்துப் படித்தால்தான் மாணவர் கேள்விக்கு நேர்மையான பதில் சொல்ல முடியும்.