மீனா முணுமுணுத்த பாட்டு

பி.எஸ்.வினோத்ராஜின் முதல் இரண்டு படங்களும் வழிப்பயணத்திலேயே நடக்கின்றன. 2021இல் ரோட்டர்டாமில் டைகர் விருது பெற்றது ‘கூழாங்கல்’. 2024இல் பெர்லின் விழாவுக்குப் போய், ஆகஸ்டில் திரையரங்குக்கு வந்தது ‘கொட்டுக்காளி’. விழாக்காரர்களுக்கு எடுத்த படம், ரொம்ப மெதுவு என்ற குறை எனக்கு ஒப்பவில்லை. மேலநீலிதநல்லூரில் வெயிலில் காத்துநின்று ஷேர் ஆட்டோ பிடித்துச் சங்கரன்கோவில் போகிறவருக்கு இந்த மெதுவு பழகியதுதான்.

குறை வேறிடத்தில் இருக்கிறது.

வினோத்ராஜின் சகோதரி கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்து பிறந்தவீடு வந்ததுதான் ‘கூழாங்கல்’லுக்கு விதை. படத்தில் நடப்பவர்கள் குடிகாரத் தகப்பனும் மகன் வேலுவும். வேலு அதிகம் பேசுவதில்லை. ஆனால் பஸ்ஸுக்கு வைத்திருந்த ரூபாயைக் கிழித்துப்போடுகிறான். கண்ணாடிச் சில்லால் அப்பன் முதுகில் வெயிலை அடிக்கிறான். தாகத்துக்குக் கல்லை வாயில் அதக்கிக்கொள்கிறான். அவனுடைய மௌனத்துக்குக் கையும் காலும் உண்டு.

‘கொட்டுக்காளி’யின் மீனாவுடைய (அன்னா பென்) மௌனத்துக்கு அது வாய்க்கவில்லை. வேற்றுச்சாதிப் பையனை விரும்பியவளைப் பேய்பிடித்ததாகச் சொல்லி, முறைமாமன் பாண்டியும் (சூரி) குடும்பமும் சாமியாடியிடம் கூட்டிப்போகிறார்கள். ஆட்டோவில் அவளோடு காலைக் கட்டிய சேவலும் வருகிறது. சேவல் அவளுக்கு உவமை என்று முதல் தடவை பார்த்ததுமே நமக்குப் புரிந்துவிடுகிறது. இயக்குநருக்குத்தான் நம்பிக்கை வரவில்லை, திரும்பத் திரும்பச் சேவலிடம் போகிறார். உவமையைச் சுமக்கிற வேலை வந்துவிட்டதால் மீனா மனுஷியாக நடமாட இடம் குறைந்துபோகிறது.

ஒரே ஒரு காட்சி இதையெல்லாம் மீறுகிறது. வழியில் எங்கோ ஒலிபெருக்கியில் ஓடும் சினிமாப் பாட்டை மீனா மெல்ல முணுமுணுக்கிறாள். பாண்டி வெறிகொண்டு அவளை அடிக்கிறான், தடுக்க வந்தவர்களையும் விடவில்லை. படத்தில் பின்னணி இசையே கிடையாது. அதனால்தான் அந்த முணுமுணுப்பு நம் காதிலும் குற்றம்போல விழுகிறது. பாண்டிக்கு அது எப்படிக் கேட்டிருக்கும் என்று தெரிந்துவிடுகிறது. இசையைத் துறந்தது அலங்காரமில்லை என்பதற்கு இந்த ஒரு இடம் போதும். தமிழில் இவ்வளவு சிக்கனமாக வன்முறையைக் காட்டிய காட்சிகள் குறைவு.

முடிவைத் திறந்து விட்டதில் எனக்குப் புகாரில்லை. யார் கையில் விட்டார் என்பதில் உண்டு. சாமியாடி இன்னொரு பெண்ணைத் தொட்டுப் பேய் ‘ஓட்டுவதை’ப் பாண்டி பார்க்கிறான், இனி அவன் மனம் மாறுமா என்ற கேள்வியோடு படம் நிற்கிறது. இத்தனை நேரம் உட்கார்ந்து வந்தவளின் அடுத்த அடி என்ன என்று கேட்க ஆளில்லை. படமாக்கும் திறனில் ‘கொட்டுக்காளி’ ஒரு படி மேல். ஆனாலும் என் ஓட்டு ‘கூழாங்கல்’லுக்கே.