மயிற்கொன்றையும் அந்துப்பூச்சியும்

பூச்சிகளைப் பொருளாகக் கொண்ட ஓவிய நூல்களையும் புகைப்பட நூல்களையும் காண்போர் பெரும்பாலும் அவற்றின் வண்ணத்தையும் நுணுக்கத்தையும் வியந்து அமைந்துவிடுவர். வியப்பு விமர்சனமாகாது. பூச்சியொன்றைத் தாளில் வைக்கும் கலைஞர் அதனுடன் எவற்றைச் சேர்க்கிறார், எவற்றை நீக்குகிறார் என்பதே முதலில் எழவேண்டிய வினா.

இவ்வகையில், மரியா சிபில்லா மேரியன் 1705 இல் அம்ஸ்ரடாமில் வெளியிட்ட, சுரினாம் பூச்சிகளின் உருமாற்றம் பற்றிய நூல் தனித்து நோக்கற்பாலது. 1647 இல் பிராங்பேர்ட்டிற் பிறந்த இவர், தமது 52 ஆவது வயதில் இளைய மகளுடன் ஒல்லாந்தரின் குடியேற்ற நாடாகிய சுரினாமுக்குக் கடல்கடந்து சென்று, நோயுற்று 1701 இல் மீண்டார். இறந்த பூச்சிகளை ஊசியிற் குத்தி நிரைப்படுத்துவதே அன்றைய சேகரிப்பாளர் வழக்கு. மேரியனோ புழுவை அது தின்னும் செடியின் மீதே வரைந்தார். புழுவும் கூட்டுப்புழுவும் சிறகு விரித்த பூச்சியும் ஒரே பக்கத்தில் இடம்பெறுகையில் காலமே ஓவியத்துட் புகுந்துவிடுகிறது.

நூலிலுள்ள 60 ஓவியங்களுள் 45 ஆவது, நமது முற்றங்களிலும் பூக்கும் மயிற்கொன்றையைக் காட்டுவது. செம்மஞ்சட் பூங்கொத்து, அதனிற் பச்சைப் புழு, அருகே சாம்பல்நிற அந்துப்பூச்சி. ஓவியத்தை மட்டும் பார்ப்பவர் அழகென்று கூறி அப்பாற் செல்வர். அதனோடமைந்த உரைக்குறிப்போ வேறொன்றைச் சொல்கிறது. ஒல்லாந்த எசமானரின் கொடுமைக்குள்ளான அடிமைப் பெண்கள், தம் பிள்ளைகளும் அடிமைகளாகக் கூடாதென்று இச்செடியின் விதையை உண்டு கருவைக் கலைத்தனர் என்பதும், அப்பெண்களே தமக்கு இதனைக் கூறினர் என்பதும் அதன் சாரம். இன்று சுவரில் மாட்டுவதற்கென இவ்வோவியத்தைத் தனியே பிரித்தெடுப்போர், பூவை வைத்துக்கொண்டு அப்பெண்களை வெளியேற்றிவிடுகின்றனர்.

அண்மைக்காலப் புகைப்பட நூல்களில் இவ்வெளியேற்றம் முழுமை பெறுகிறது. யோசெப் ஷியர் அந்துப்பூச்சிகளை ஸ்கேனரில் வைத்துப் பதிந்து 2003 இல் நூலாக்கினார். லெவோன் பிஸ் ஒக்ஸ்போர்ட் அருங்காட்சியகப் பூச்சிகளை, ஒவ்வொன்றுக்கும் ஏறக்குறைய 8,000 முதல் 10,000 வரையான படங்களை இணைத்து உருவாக்கிய உருவங்களின் தொகுப்பு 2017 இல் வந்தது. சிறகின் செதில்களையும் உடலின் மென்மயிரையும் இத்துணைத் தெளிவாக மேரியன் ஒருபோதும் கண்டிருக்க இயலாது. இச்சாதனையைக் குறைத்து மதிப்பிடுவது நேர்மையன்று. ஆயினும் அங்கே இலையில்லை, உணவில்லை, புழுப்பருவமில்லை. நகைக்கடைக் கண்ணாடிப் பெட்டியுள் வைத்த அணிகலன் போன்று பூச்சி தனித்துக் கிடக்கிறது. உருவம் எல்லையற்றுப் பெருகியபோது உள்ளடக்கம் சுருங்கிற்று என்பதே என் கருத்து.

இதனால் மேரியனைக் குறையற்றவராகக் கொள்ளவும் முடியாது. கரும்பைத் தவிர வேறெதனையும் நாடாத தோட்டக்காரர் தம்மை எள்ளியதாக எழுதிய அவரே, காட்டினுள் வழிவெட்டவும் செடிகளைக் கொணரவும் அடிமைகளின் உழைப்பைப் பயன்படுத்தினார். சுதேச இந்தியப் பெண்ணொருத்தியையும் தம்முடன் கப்பலேற்றி அம்ஸ்ரடாமுக்குக் கொண்டுவந்தார். தாம் கண்டெடுத்த ஒவ்வொரு புழுவினதும் உணவுச்செடியைக் கவனமாகக் குறித்த அந்நூலில் அவளுடைய பெயர் இல்லை.