குணசித்திர நடிகனும் கூட்டரங்கும்: பீற் பொசில்த்வெயிற்றின் நடிப்புலக வாழ்வு பற்றிய ஒரு நோக்கு

திரைப்படம் பற்றி எழுதுவோர் நடிகர்களை இரு தரத்தினராகப் பிரித்து நோக்குவது வழக்கம். தம் பெயரின் வலிமையாலேயே படத்தை விற்றுக்கொடுப்போர் ஒரு தரத்தினர். முகம் நினைவில் நிற்கப் பெயர் மறந்துபோகும் 'குணசித்திர நடிகர்' மற்றைத் தரத்தினர். இப்பாகுபாடு தமிழ்த் திரையுலகிலும் நிலைபெற்றுவிட்டமையால் அதனை இயல்பானதென்றே நாம் கொள்கின்றோம். குணத்தைச் சித்திரிக்கும் பொறுப்புக் கதாநாயகனுக்கு இல்லை என்னும் விசித்திரமான கருத்து அச்சொல்லுக்குள்ளேயே அடங்கிக் கிடப்பதை நாம் கவனிப்பதில்லை.

பிரித்தானிய நடிகர் பீற் பொசில்த்வெயிற் (1946–2011) இவ்விரண்டாந் தரத்தில் வைத்தே எண்ணப்படுபவர். அவரைப் பற்றி வழங்கும் வரலாறு எளிமையானது. நெடுங்காலம் மேடையில் உழைத்த ஒருவர், நாற்பது வயதைக் கடந்த பின்னர் திரையில் அறியப்பட்டார். ஒஸ்கார் விருதுக்கு முன்மொழியப்பட்டார். ஹொலிவூட் அவரை ஏற்றுக்கொண்டது. திறமைக்குக் காலந்தாழ்த்திக் கிடைத்த வெகுமதி என்பதே இவ்வரலாற்றின் உட்கருத்து. இது பூர்ஷ்வாப் பத்திரிகைகளுக்கு உவப்பான கதை. ஆயின் உண்மையைத் தலைகீழாக நிறுத்தும் கதை என்பதே எமது கருத்து. திரை அவரைக் கண்டெடுக்கவில்லை. கூட்டு முயற்சியான ஓர் அரங்கு உருவாக்கிய ஆற்றலை அவரே திரைக்குக் கொண்டுசென்றார். மூன்று நான்கு படங்கள் நீங்கலாக, அதனைக்கொண்டு என்ன செய்வதென்று திரையுலகம் அறிந்திருக்கவில்லை.

மன்செஸ்ரருக்கும் லிவர்பூலுக்கும் இடையே அமைந்த வொறிங்ரன் என்னும் தொழில்நகரில், கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். குருவானவராக வேண்டுமென்ற எண்ணம் இளமையில் இருந்தது. பின்னர் ஆசிரியப் பயிற்சி பெற்று நாடகங் கற்பித்தார். அதன் பின்னரே பிறிஸ்ரல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியிற் சேர்ந்தார். இரண்டாம் உலகப் போரையடுத்து வந்த கல்விச் சீர்திருத்தங்களும் அரச உதவிப்பணமும் இல்லாதிருப்பின் இத்தகைய பின்னணியுடைய இளைஞரொருவர் மேடையை எட்டியிருத்தல் அரிது. ஒரு தலைமுறைக் காலம் திறந்திருந்து, பின்னர் பெரிதும் அடைபட்டுப்போன வாசல் அது.

1970களின் நடுப்பகுதியில் அவர் பணியாற்றிய லிவர்பூல் எவ்ரிமான் அரங்கினைச் சற்று விரிவாக நோக்குதல் வேண்டும். ஹோப் வீதியில், முன்னர் தேவாலயமாக இருந்த கட்டடமொன்றில் 1964இல் தொடங்கப்பட்ட அரங்கு அது. அலன் டொசர் நெறியாளராக இருந்த ஆண்டுகளில் அந்நகரத்து மக்களின் வாழ்க்கையே அங்கு நாடகப் பொருளாயிற்று. வில்லி றசல், அலன் பிளீஸ்டேல் முதலிய எழுத்தாளர் அவ்வரங்கோடு தொடர்புற்று வளர்ந்தனர். ஜொனதன் பிறைஸ், யூலி வோல்ரேர்ஸ், பில் நை, அன்ரனி ஷேர் ஆகியோர் அங்கு நடித்தோருட் சிலர். இவர்கள் பின்னாளிற் பெரும்புகழ் பெற்றனரெனினும், அன்று அக்குழுவில் நட்சத்திரம் என்றொருவர் இருக்கவில்லை. ஒரு நாடகத்தில் தலைமைப் பாத்திரம் ஏற்பவர் அடுத்த நாடகத்தில் ஓரிரு வாக்கியம் பேசி மறைவார். அரங்கை விட்டு வெளியேறி மதுச்சாலைகளிலும் நாடகம் போட்டனர். மதுச்சாலையில் நடிப்பவனுக்கு மறைந்துகொள்ள இருளில்லை, திரைச்சீலையுமில்லை. பார்ப்போன் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றான். பொய்யான அசைவொன்றைக் கண்டால் முகத்தைத் திருப்பித் தன் குவளையைத் தேடுவான். நாடகப் பள்ளிகள் இதனைக் கற்பிப்பதில்லை.

இத்தகைய குழுவில் நடிகன் முதலிற் பயில்வது கேட்டலை. எதிரே நிற்பவரின் சொல்லைத் தன் உடலால் வாங்கிக்கொள்ளத் தெரியாதவன் அங்கு நிலைத்திருத்தல் இயலாது. பொசில்த்வெயிற்றைப் பற்றி எழுதியோரெல்லாம் அவரது எடுப்பான கன்ன எலும்புகளை வருணித்துச் சலித்துவிட்டனர். அவர் கேட்கும் முறையை நோக்கியோர் மிகச் சிலரே.

1980களில் அவர் றோயல் ஷேக்ஸ்பியர் குழுவில் நடித்தார். 1986இல் 'நடுவேனிற் கனவில்' வரும் பொட்டம் என்னும் நெசவாளியாகத் தோன்றியமை ஒருவகையிற் பொருத்தமே. எல்லாப் பாத்திரங்களையும் தானே நடிக்க விரும்பும் தொழிலாளி அவன்.

திரையில் அவரது முதற் பேராக்கம் ரெறன்ஸ் டேவிசின் 'டிஸ்ரன்ற் வொய்சஸ், ஸ்ரில் லைவ்ஸ்' (1988). லிவர்பூல் தொழிலாளர் குடும்பமொன்றின் நினைவுகளாக அமைந்த இப்படத்தில் அவர் மனைவியையும் பிள்ளைகளையும் வதைக்கும் தந்தை. நத்தார் இரவில் உறங்கும் பிள்ளைகளைக் கனிவோடு நோக்கி ஆசி கூறுகின்றார். அடுத்து வரும் காட்சியில், உணவு பரப்பிய மேசையின் விரிப்பை ஒரே இழுவையில் இழுத்து அனைத்தையும் நிலத்திற் சிதறடிக்கின்றார். இவ்விரு செயல்களையும் இணைக்கும் உளவியற் பாலம் எதனையும் நடிகர் அமைக்கவில்லை. வறுமையால் இப்படியானார் என்று இரக்கங் கோரவுமில்லை; கொடியவன் என்று எம்மை விலகச் செய்யவுமில்லை. கனிவும் கொடுமையும் ஒரே உடலில், ஒன்றையொன்று அறியாதனபோல் இருக்கின்றன. படத்தின் காலவோட்டத்தில் இறந்துபோனவராகிய அவர் தோன்றும் நேரம் சிறிது. ஆயினும் எஞ்சியோர் பாடும் பாடல்கள் அனைத்திலும் அவர்மீதான அச்சம் கலந்து ஒலிக்கின்றது. அவரைத் துணைநடிகர் என அழைப்பது எவ்வாறு?

ஜிம் ஷெறிடனின் 'இன் த நேம் ஒவ் த ஃபாதர்' (1993) அவருக்கு ஒஸ்கார் முன்மொழிவைப் பெற்றுக் கொடுத்தது. 1974 ஒக்ரோபரில் கில்போர்ட் நகரில் நிகழ்ந்த குண்டுவெடிப்பை அடுத்து, குற்றமற்ற ஐரிஷ் மக்கள் சிலர் சிறையிடப்பட்டனர். பயங்கரவாதத் தடைச் சட்டம் அவ்வாண்டு நவெம்பரில் பிரித்தானியாவில் அவசர அவசரமாக இயற்றப்பட்டது. அதே பெயரோடு இலங்கையில் 1979இல் வந்த சட்டத்தை அறிந்த எம் வாசகருக்கு அதன் இயல்பை விளக்க வேண்டியதில்லை. கைதான மகன் ஜெறிக்கு உதவவென பெல்பாஸ்ரிலிருந்து இலண்டன் வந்த நோயாளியான தந்தை யூசெப்பே கொன்லனும் கைதாகித் தண்டனை பெற்று, 1980இல் கைதியாகவே இறந்தார். மகன் 1989இல் விடுதலையானார். தந்தைமீதான தீர்ப்பு 1991இலேயே நீக்கப்பட்டது.

தந்தையையும் மகனையும் ஒரே சிறைக்கூடத்தில் வைத்துக் காட்டியமை வரலாற்றோடு பொருந்தாதது. அரச யந்திரத்தின் கூட்டுக் குற்றத்தை ஒரு வழக்கறிஞரின் வெற்றியாகச் சுருக்கிவிடும் குறையும் படத்திற்கு உண்டு. எனினும் பொசில்த்வெயிற்றின் யூசெப்பே அக்குறைகளை மீறி நிற்கின்றார். மகனாக நடித்த டானியல் டே லூயிஸ் கொதித்தெழுகின்றார். தந்தையோ மூச்சைச் சேமிப்பவர்போல் ஒவ்வொரு சொல்லையும் அளந்து வைக்கின்றார். செபமாலையோடு அமர்ந்திருக்கும் அம்மெலிந்த மனிதரின் பணிவைக் கோழைத்தனமென மகன் எண்ணுகின்றான். நாமும் முதலில் அவ்வாறே எண்ணுகின்றோம். அதுவே எதிர்ப்பின் மிகப் பிடிவாதமான வடிவமென்பது மெல்ல மெல்லவே புலப்படுகின்றது. இதனை எந்த வசனமும் எமக்குச் சொல்வதில்லை.

மார்க் ஹேர்மனின் 'பிறாஸ்ட் ஓஃப்' (1996) பற்றி எமக்கு இருமனமே உண்டு. 1984–85 சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின் தோல்வியையடுத்து, 1992 ஒக்ரோபரில் 31 நிலக்கரிச் சுரங்கங்களை மூடப்போவதாக அரசு அறிவித்தது. அதே மாதத்திற் கிறைம்தோர்ப் சுரங்கத் தொழிலாளரின் பித்தளை வாத்தியக் குழு தேசியப் போட்டியில் வென்றது. மறு ஆண்டு அச்சுரங்கம் மூடப்பட்டது. இந்நிகழ்வுகளைத் தழுவிய படத்தில், நிலக்கரித் தூசியால் நுரையீரல் சிதைந்த இசைக்குழுத் தலைவர் டானியாக அவர் நடித்தார். இசையே பெரிது, மற்றெல்லாம் அற்பம் என்று படத்தின் பெரும்பகுதியிலும் பிடிவாதம் பிடிக்கும் டானி, இறுதியில் அல்பேட் மண்டபத்தில் வெற்றிக் கிண்ணத்தை மறுத்து, இசையிலும் மனிதரே பெரிதென ஒப்புக்கொள்கின்றார். எழுத்தில் இது ஒரு மேடைச் சுலோகமே. மூச்சுத் திணறும் ஒருவர், தம் வாழ்நாள் முழுவதும் நம்பியது தவறென்று பலர்முன் கூறும்போது ஏற்படும் கூச்சம் அவர் குரலில் இருப்பதனால் அது உயிர்பெறுகின்றது. தோற்ற வர்க்கப் போராட்டமொன்றைக் கண்ணீரால் ஆற்றி அனுப்பும் படம் என்ற குற்றச்சாட்டை நாம் மறுக்கவில்லை. அக்கண்ணீரை நம்பத்தக்கதாக்கியவரும் இவரே என்பது அவரது கலையின் இக்கட்டு.

ஹொலிவூட்டைப் பற்றி அதிகம் கூறவேண்டியதில்லை. 'த யூஷுவல் சஸ்பெக்ற்ஸ்' (1995) படத்தில் அவருக்கு யப்பானியப் பெயர். பேச்சிலோ எமது துணைக்கண்டத்தின் சாயல். எந்நாட்டவரென்று அறியவொண்ணாத அந்நியனே ஆபத்தானவன் என்னும் பழைய சூத்திரம் அது. 1997இல் ஸ்பீல்பேர்க்கின் இரு படங்களில், டைனோசர் வேட்டைக்காரனாகவும், 'அமிஸ்ராட்டில்' ஆபிரிக்கரின் விடுதலைக்கு எதிராக வாதிடும் வழக்கறிஞராகவும் தோன்றினார். உலகின் மிகச் சிறந்த நடிகர் என்று ஸ்பீல்பேர்க் அவரைப் புகழ்ந்ததாகக் கூறுவர். அப்படித்தான் இவர் தம்மைப்பற்றி எண்ணிக்கொள்கிறார் என்றே ஸ்பீல்பேர்க் சொல்லியிருப்பாரென அவர் அதனை நகைச்சுவையாக்கிவிட்டார். தரப்படுத்தலை அவர் எவ்வளவு பொருட்படுத்தினார் என்பதற்கு இது போதும்.

2004இல் அரசவிருதான ஓ.பி.ஈ. பெற்றவர், கிங்ஸ்நோர்த்தில் புதிய நிலக்கரி மின்நிலையத்திற்கு அனுமதி வழங்கப்படின் அதனைத் திருப்பியளிப்பேன் என 2009இல் அறிவித்தார். நிலக்கரித் தொழிலாளி டானியாக நடித்தவரே நிலக்கரிக்கெதிராக நின்றமை சிலருக்கு முரணாகத் தோன்றலாம். டானியின் நுரையீரலை நினைவிற்கொள்வோர்க்கு அவ்வாறு தோன்றாது.

2008இல், லிவர்பூல் ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராக விளங்கிய ஆண்டில், றூபேர்ட் கூல்டின் நெறியாள்கையில் லியர் மன்னனாக நடிப்பதற்கு அவர் எவ்ரிமானுக்கே திரும்பினார். இலண்டனில் அதற்கு இதனினும் பெரிய அரங்குகள் இருந்தன. 2011 ஜனவரியில் அவர் காலமானார். பழைய கட்டடம் அவ்வாண்டிலேயே மூடப்பட்டுப் பின்னர் இடிக்கப்பட்டது. அவ்விடத்தில் 2014இல் திறக்கப்பட்ட புதிய அரங்கின் முகப்பில், லிவர்பூல் நகரத்துச் சாதாரண மக்கள் 105 பேரின் உருவங்கள் உலோகத் தகடுகளில் வெட்டப்பட்டுள்ளன.