நிலா வளரவில்லை, ஜீனோ வளர்ந்தது

தமிழ் வாசகர்களைக் கணினி மீது ஆசைகொள்ள வைத்தவர்களில் சுஜாதாவுக்குத்தான் முதலிடம். பெங்களூரு பாரத் எலக்ட்ரானிக்ஸில் பொறியாளராக இருந்து, மின்னணு வாக்குப்பதிவு இயந்திர உருவாக்கத்தில் பங்கெடுத்த ரங்கராஜன், மனைவியின் பெயரில் எழுதினார். 1980களில் ஆனந்த விகடனில் தொடராக வந்த ‘என் இனிய இயந்திரா’ பலருக்கு இயந்திரப் பித்து பிடிக்க வைத்தது. எனக்கும் அந்தப் பித்து உண்டு. அதனாலேயே அதைப் பெண்ணாக நின்று வாசிக்க வேண்டியிருக்கிறது.

கதை 2021இல் நடக்கிறது. ஜீவா என்ற சர்வாதிகாரியின் ஆட்சி. பெயர் இரண்டெழுத்துக்கு மேல் போகக் கூடாது. பிள்ளை பெற அரசு அனுமதிக்க வேண்டும். நெருக்கடி நிலைக் காலத்துக் கட்டாயக் கருத்தடையின் வடு ஆறுவதற்குள் எழுதப்பட்ட கற்பனை இது. கருப்பை மீது அரசு கைவைப்பதைக் கொடுமையாகவே சுஜாதா காட்டினார். அந்தப் பெருமை அவருக்கு உண்டு.

என் சிக்கல் நிலாவிடம் தொடங்குகிறது. கணவன் சிபி காணாமல் போனதும் கதை அவள் தோளில் ஏறுகிறது. ஆனால் வழி சொல்பவர்கள் வீட்டுக்குக் குடிவந்த ரவியும் மனோவும்; யோசிப்பது ஜீனோ என்ற இயந்திர நாய். ஜீனோ புத்தகம் படிக்கிறது, கேலி பேசுகிறது, தனக்கு இட்ட கட்டளையைத் தாண்டிச் சிந்திக்கிறது. நிலா வியக்கிறாள், அழுகிறாள், கேட்கிறாள். கடைசியில் ராணியாகிறாள், அதுவும் பொம்மை ராணியாக. இயந்திரத்துக்குக் கிடைத்த மனவளர்ச்சி பெண்ணுக்குக் கிடைக்கவில்லை. வாசகர்கள் ஜீனோவைக் கொஞ்சினார்கள். நிலா என்ன ஆனாள் என்று எத்தனை பேர் கேட்டார்கள்?

இது ஒரு நாவலோடு முடிகிற விஷயமில்லை. நம் ஊரில் ‘டெக்னாலஜி ஆர்வலர்’ என்றால் யார் முகம் மனதில் வருகிறது? கோயம்புத்தூர் வெட்கிரைண்டர் ஆட்டுக்கல்லிலிருந்து பெண்களின் தோளை மீட்டது. 2011இல் தமிழக அரசு மிக்ஸியும் கிரைண்டரும் விலையில்லாமல் தரத் தொடங்கியபோது அது ‘இலவசம்’ என்று ஏளனம் செய்யப்பட்டது. அதையே அறிவியல் வளர்ச்சி என்று கொண்டாடியவர்கள் குறைவு. பெண்ணின் கைவலியைத் தீர்க்கும் இயந்திரம் வெறும் வீட்டுச் சாமான். ஆணோடு பேசும் இயந்திரம் எதிர்காலம்.

இயந்திரத்தை நேசிப்பதில் தவறில்லை. அது யாருடைய வேலையைக் குறைக்கிறது, யாரை வெறும் வியப்பாளராக உட்கார வைக்கிறது என்று கேட்காத நேசம்தான் ஆபத்து. சுஜாதா கற்பனை செய்த 2021 கடந்துபோய்விட்டது. ஜீனோக்கள் இன்று நம் கைப்பேசிக்குள் பேசுகின்றன. அவற்றோடு வாதாடவும், வேண்டாதபோது அணைக்கவும், தேவைப்பட்டால் திறந்து பிரித்துப் பார்க்கவும் தெரிந்த நிலாக்களை இனி நாம்தான் எழுத வேண்டும்.