துறை பொது, பாட்டுத் தனி

கப்பலேறிப் பினாங்குத் துறைமுகத்தில் வந்திறங்கிக் காடு திருத்திய தமிழர் பலர். அவர்தம் பேரப்பிள்ளைகள் பாட்டியரின் வரலாற்றை ஏட்டில் படித்தது குறைவு. வாய்மொழியாகக் கேட்டதே மிகுதி. அத்தகைய வாய்மொழி ஒன்றிலிருந்து பிறந்து, 2021 மார்ச் 7 அன்று வெளிவந்தது ‘எஞ்சாய் எஞ்சாமி’ என்னும் தனிப்பாட்டு. இசையமைத்தவர் சந்தோஷ் நாராயணன். பாடியோர் தீயும் அறிவும். சொற்களைத் தாளத்திற்கேற்ப விரைந்துரைக்கும் ‘ராப்’ முறையில் வல்லவரான அறிவே பாட்டின் சொல்லை யாத்தவர்.

தலைப்பைக் கண்டதும் ஆங்கிலக் கலப்பென்று முகஞ்சுளிப்பார் உளர். ஆயினும் செவிக்குள்ள நயம் மறுக்கத்தக்கதன்று. ‘என் சாமி’ பேச்சில் ‘எஞ்சாமி’ ஆகிறது. சகரத்தின் முன் னகரம் ஞகரமாய்த் திரிதல் நாவின் இயல்பு. ‘எஞ்சாய்’ என்பதோடு அது சேருங்கால் முதல் மூன்றெழுத்தும் ஒன்றி, மோனையும் எதுகையும் ஒருங்கே அமைகின்றன. இலக்கணம் கற்று அமைத்ததோ, காது கற்பித்ததோ, பயன் ஒன்றே.

பொருளோ களிப்பு அன்று. அறிவின் பாட்டி இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் தமிழகம் மீண்டவர். அவர் பெயரைப் பாட்டிலேயே வைத்து, அவர்தம் பேரன் என்று தன்னைக் கூறிக்கொள்கிறார் கவிஞர். ஏரியும் குளமும் மனிதர்க்கேயன்றி நாய்க்கும் நரிக்கும் உரியவென்கிறார். மரம் நட்டுத் தோட்டம் செழிக்கச் செய்தவரின் தொண்டை மட்டும் வறண்டே கிடந்தது என்னும் ஏக்கமே பாட்டின் உயிர். இடையே ஒப்பாரி மெட்டு எழுகிறது. துள்ளும் தாளத்தில் அவ்வழுகை பலர் காதில் விழாமற் போவது ஒரு குறையே.

பாட்டுக்கு நேர்ந்தது இதனினும் பெரிய குறை. 2021இல் பிரெஞ்சு மின்னிசையாளர் டி.ஜே. ஸ்நேக் அமைத்த மறுவடிவம் வந்தது. நியூயார்க் டைம்ஸ் சதுக்க விளம்பரத்தில் அவரும் தீயும் தோன்றினர், அறிவு தோன்றவில்லை. அவ்வாண்டு ஆகஸ்டில் ‘ரோலிங் ஸ்டோன் இந்தியா’ இதழின் அட்டையிலும் அவர் இல்லை. இயக்குநர் பா. இரஞ்சித் முதலியோர் கண்டித்த பின்னரே அறிவுக்குத் தனி அட்டை வந்தது. 2022 ஜூலை 28 அன்று சென்னைச் சதுரங்க ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அவரின்றியே பாட்டு அரங்கேறியது. அறிவு வருந்தி எழுதினார். உரிமை மூவர்க்கும் சமமென்று இசையமைப்பாளர் விளக்கினார். உழைத்தவர்க்கு உரிமையில்லை என்று பாடிய பாட்டிலேயே சொல்லுழைத்தவர் மறைந்தது நகைமுரண் அன்றோ?

‘ஒப்பாரி ஊர்ப்பொது, அதற்குத் தனி உரிமையாளர் ஏது?’ என்று வினவலாம். சங்கப் புலவர் பாடிய திணையும் துறையும் பொதுவே. அதனால் அவர்தம் பெயரைத் தொகுத்தோர் விட்டுவிட்டனரா? இல்லை. பெயர் தெரியாத புலவரைக்கூடப் பாட்டிலுள்ள தொடரையே பெயராக்கி, செம்புலப்பெயல்நீரார் என்றும் அணிலாடுமுன்றிலார் என்றும் குறுந்தொகையில் நிறுத்தினர். சிறப்புப்பாயிரத்திற்குரிய எட்டனுள் ஆக்கியோன் பெயரையே நன்னூல் முதற்கண் வைக்கிறது. துறை பொது, பாட்டுத் தனி. அறிவுக்கு முன் ஒப்பாரி பாடிய எண்ணற்ற பெண்டிரின் பெயர் நமக்குக் கிட்டவில்லை என்பது உண்மை. அஃது ஓர் இழப்பு. பெயர் தெரிந்தவரையும் மறப்பதற்கு அது சான்றாகாது.

இனிப் பினாங்கில் ஒரு பள்ளி மேடையில் சிறுவர் இப்பாட்டைப் பாடலாம். ஆசிரியர் அதற்கு முன் ஒரு வரி சொன்னாற் போதும்: சொல் அறிவு, இசை சந்தோஷ் நாராயணன், குரல் தீயும் அறிவும், கதை ஒரு தோட்டத்துப் பாட்டி. அவ்வொரு வரியே இப்பாட்டிற்குரிய பாயிரம்.